இல்லை என்று சொல்லத் துணிந்தவர்

2004 ஜனவரி 28. வாஷிங்டனில் அமெரிக்க செனட்டின் ராணுவ விவகாரக் குழு கூடியிருந்தது. சாட்சி மேஜையில் 63 வயது மனிதர் ஒருவர். ஐந்து நாட்களுக்கு முன்புதான் வேலையை ராஜினாமா செய்திருந்தார். இராக்கில் சதாம் உசேன் பதுக்கி வைத்திருந்ததாகச் சொல்லப்பட்ட பேரழிவு ஆயுதங்களைக் கண்டுபிடிப்பதுதான் அந்த வேலை. ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆட்கள், பணம், ஹெலிகாப்டர்கள் என்று எல்லாம் கொடுத்து அனுப்பியிருந்தார்கள். ஏழு மாதங்கள் தேடிவிட்டு அவர் திரும்பியிருந்தார், வெறுங்கையோடு.

ஏறக்குறைய நாம் எல்லோருமே தவறு செய்துவிட்டோம், அதில் நிச்சயமாக என்னையும் சேர்த்துக்கொள்கிறேன் என்று டேவிட் கே அன்று சொன்னார்.

சொன்னது போரை எதிர்த்து ஊர்வலம் போனவர் அல்ல. போர் வேண்டும் என்று தொலைக்காட்சியில் வாதாடியவர். சதாம் எதையெல்லாம் ஒளித்து வைக்கக்கூடியவர் என்பதை மற்ற எவரையும்விட நெருக்கமாகப் பார்த்தவர். அவர் அப்படிச் சொன்னதால்தான் அந்த வாக்கியம் வாஷிங்டனை உலுக்கியது.

டெக்ஸாஸ் மாநிலம் ஹூஸ்டனில் 1940இல் பிறந்த கே, அணு விஞ்ஞானி அல்ல. கொலம்பியா பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் பெற்றார். விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் அரசியல் பாடம் நடத்தினார். 1983இல் வியன்னாவில் உள்ள சர்வதேச அணுசக்தி முகமையில் சேர்ந்தபோது அவருக்குக் கிடைத்தது சாகச வேலை எதுவும் இல்லை. முகமையின் உதவித் திட்டங்கள் ஒழுங்காக நடக்கின்றனவா என்று மதிப்பிடும் நிர்வாகப் பணி. வளைகுடாப் போர் வராமல் போயிருந்தால் வியன்னாவில் இன்னொரு கோப்பு அதிகாரியாகவே ஓய்வு பெற்றிருப்பார்.

போர் வந்தது. 1990 ஆகஸ்டில் குவைத்தைப் பிடித்த இராக், 1991 பிப்ரவரி இறுதியில் தோற்றது. ஏப்ரல் 3ஆம் தேதி ஐ.நா. பாதுகாப்பு சபை 687ஆவது தீர்மானத்தை நிறைவேற்றியது. ரசாயன, உயிரியல் ஆயுதங்களையும், 150 கிலோமீட்டருக்கு மேல் பாயும் ஏவுகணைகளையும் இராக் ஒழிக்க வேண்டும். அதைக் கண்காணிக்க ஸ்வீடன் ராஜதந்திரி ரோல்ஃப் எகேயுஸ் தலைமையில் 'அன்ஸ்காம்' என்ற புதிய அமைப்பு. அணுசக்தி சம்பந்தப்பட்டவை ஹான்ஸ் பிலிக்ஸ் தலைமையில் இருந்த வியன்னா முகமையின் பொறுப்பு.

முகமைக்கு இது தர்மசங்கடமான பொறுப்பு. அதன் ஆட்கள் பல ஆண்டுகளாக இராக்கின் துவைதா அணு மையத்துக்குப் போய் வந்துகொண்டிருந்தார்கள். கணக்குகளைச் சரிபார்த்து, குறை ஒன்றும் இல்லை என்று கையெழுத்திட்டார்கள். இராக் காட்டிய அறைகளை மட்டும் பார்ப்பதுதான் அன்றைய விதி. பக்கத்துக் கட்டடத்தின் கதவைத் தட்டும் அதிகாரம் அவர்களுக்கு இல்லை.

இப்போது அந்த அதிகாரம் கிடைத்தது. கதவைத் தட்டும் குணமுள்ள ஆளும் கிடைத்தார்.

கே தலைமையிலான குழு 1991 ஜூன் மாதம் தேடிப்போன பொருளின் பெயர் 'கலுட்ரான்'. யுரேனியத்தின் இரு வகை அணுக்களை ராட்சத மின்காந்தங்களின் உதவியால் பிரிக்கும் கருவி. இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கா தன் முதல் அணுகுண்டுக்குப் பயன்படுத்திய முறை. மின்சாரத்தை விழுங்குவதால் போர் முடிந்ததும் அமெரிக்காவே அதைக் கைவிட்டது. அதன் விவரங்களில் பெரும்பகுதி ரகசியப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டுவிட்டது. பழசாகிப்போனதை எவன் சீண்டுவான் என்ற நினைப்பு. இராக் விஞ்ஞானிகள் அதைத்தான் எடுத்துக்கொண்டார்கள். வெளிநாட்டில் வாங்கினால்தானே ஒற்றர்களுக்குத் தெரியும்? இதை உள்ளூரிலேயே செய்யலாம்.

ஜூன் 28ஆம் தேதி பலூஜா அருகே ஒரு ராணுவ முகாம் வாசலில் குழு போய் நின்றது. உள்ளே விட மறுத்தார்கள். பின்பக்கம் வழியாக லாரிகள் வரிசையாக வெளியேறத் தொடங்கின. சோதனையாளர்கள் காரில் துரத்திக்கொண்டே படம் எடுத்தார்கள். இராக் வீரர்கள் அவர்கள் தலைக்கு மேலே சுட்டார்கள். படங்களில் லாரிகளின் மேல் இருந்தவை தெளிவாகப் பதிவாகிவிட்டன. அதன் பிறகு மறுப்பது வீண். ஜூலையில் இராக் தன் செறிவூட்டல் திட்டத்தை ஒப்புக்கொண்டது. ஆனால் குண்டு செய்யும் நோக்கம் இல்லை என்று சாதித்தது.

அந்தப் பொய்யும் செப்டம்பரில் உடைந்தது. கேயின் 44 பேர் கொண்ட குழு பாக்தாத்தில் முன்னறிவிப்பின்றி ஒரு கட்டடத்துக்குள் நுழைந்து கட்டுக்கட்டாகக் கோப்புகளைக் கைப்பற்றியது. இராக் அதிகாரிகள் அவற்றைப் பிடுங்கிக்கொண்டார்கள். மறுநாள், செப்டம்பர் 24, இன்னொரு கட்டடம். இம்முறை கோப்புகளைத் தர மறுத்தது குழு. கோப்புகளை வைத்துவிட்டுப் போங்கள், இல்லாவிட்டால் போக முடியாது என்றது இராக். குழு கார் நிறுத்துமிடத்திலேயே உட்கார்ந்துவிட்டது. நான்கு நாட்கள். வெயிலில், பஸ்ஸிலும் கார்களிலும் படுத்துறங்கி.

அவர்களிடம் ஆயுதம் இல்லை. ஒரு செயற்கைக்கோள் தொலைபேசி இருந்தது. அதில் கே உலகத் தொலைக்காட்சிகளுக்குப் பேட்டி கொடுத்தார். கோப்புகளில் இருந்த முக்கியச் செய்திகள் அங்கிருந்தே வெளியே போய்ச் சேர்ந்தன. பாதுகாப்பு சபை கண்டித்தது. செப்டம்பர் 28ஆம் தேதி இராக் இறங்கிவந்தது. அல் அதீர் என்ற இடத்தில் குண்டு வடிவமைப்பு நடந்துகொண்டிருந்ததற்கான ஆதாரம் அந்தக் கோப்புகளில் இருந்தது. மறு ஆண்டு முகமையின் மேற்பார்வையில் அல் அதீரின் முக்கியக் கட்டடங்கள் தகர்க்கப்பட்டன.

வியன்னாவின் கோப்பு அதிகாரி ஒரே வாரத்தில் உலகம் அறிந்த பெயராகிவிட்டார். பிரச்சினையும் அங்கிருந்தே ஆரம்பித்தது.

ஆயுதச் சோதனையாளர் என்பவர் யார்? ஐ.நா.வின் நீலத் தொப்பிக்காரரா, ஒற்றரா? ஐ.நா.வுக்கு என்று ஒற்றர் படை கிடையாது. எந்தக் கதவைத் தட்டுவது என்று தெரிய வேண்டுமானால் வானத்திலிருந்து எடுத்த படம் வேண்டும், தப்பியோடி வந்தவர்களின் வாக்குமூலம் வேண்டும். இரண்டும் அமெரிக்கா போன்ற வல்லரசுகளின் கையில். யு-2 உளவு விமானத்தையே அன்ஸ்காமுக்காக அமெரிக்கா இராக் மேல் பறக்கவிட்டது. தகவலைக் கொடுப்பவன் பதிலுக்குச் சும்மா இருப்பானா?

கே, சி.ஐ.ஏ. ஆள் என்று இராக் குற்றம்சாட்டியது. அது வழக்கமான வசை என்று தள்ளிவிடலாம். ஆனால் வியன்னாவிலும் முணுமுணுப்பு எழுந்தது. பிலிக்ஸ் சட்ட நிபுணர், நிதானி. சர்வதேச அதிகாரி போலீஸ்காரர்போல் நடந்துகொள்ளக் கூடாது என்ற கட்சி. கேயோ, பொய் சொல்லும் அரசிடம் மரியாதை பார்த்துப் பயனில்லை என்ற கட்சி. விரைவிலேயே கே முகமையை விட்டு விலகினார். பின்னர் அமெரிக்க ராணுவத்துக்கும் உளவுத்துறைக்கும் ஒப்பந்தப் பணி செய்யும் பெரிய நிறுவனம் ஒன்றில் உயர் பதவி வகித்தார்.

அவர் விட்டுப்போன சந்தேகம் மட்டும் வளர்ந்துகொண்டே இருந்தது. 1999 ஜனவரியில் அமெரிக்கப் பத்திரிகைகளே உண்மையை உடைத்தன. சதாமின் பாதுகாப்பு வளையத்தை ஒட்டுக்கேட்க, அன்ஸ்காமை அமெரிக்க உளவுத்துறை பயன்படுத்திக்கொண்டிருந்தது. இராக் கத்திக்கொண்டிருந்ததில் ஒரு பகுதி உண்மை என்றாகிவிட்டது. அன்ஸ்காம் அதற்குப் பிறகு எழுந்திருக்கவில்லை.

கேயின் மனதில் 1991 பதித்த பாடம் வேறு. மிகப் பெரிய ரகசியத்தைக்கூட ஒரு சர்வாதிகார அரசால் காப்பாற்ற முடியும். ஒற்றர்களும் சோதனையாளர்களும் ஒன்றும் இல்லை என்று சொன்ன இடத்தில் ஒரு முழு அணு ஆயுதத் திட்டமே இருந்தது. ஆகவே, எதுவும் கண்ணில் படவில்லை என்றால் ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்று பொருள்.

இந்தப் பாடத்தைக் கற்றவர் கே மட்டுமல்ல. சி.ஐ.ஏ.வும் கற்றது. ஒருமுறை குறைத்து மதிப்பிட்டு அவமானப்பட்டவர்கள் அடுத்த முறை கூட்டி மதிப்பிடத் தயாராக இருந்தார்கள்.

அதற்கு மாறான சாட்சியமும் வந்தது. 1995 ஆகஸ்டில் சதாமின் மருமகன் உசேன் கமல் ஜோர்டானுக்குத் தப்பியோடினார். ஆயுதத் திட்டங்களையே நடத்தியவர் அவர். இருந்த ஆயுதங்களை 1991இலேயே அழிக்க உத்தரவிட்டதாக ஐ.நா. அதிகாரிகளிடம் சொன்னார். அடுத்த பிப்ரவரியில், மன்னிப்பை நம்பி பாக்தாத் திரும்பிக் கொல்லப்பட்டார். அவர் ஓடிப்போன அதிர்ச்சியில் இராக் மறைத்து வைத்திருந்த ஆவணங்களைக் கொட்டியது. உயிரியல் ஆயுதத் திட்டத்தின் பரிமாணம் அப்போதுதான் முழுமையாகத் தெரிந்தது. உலகம் அந்தப் புதிய பொய்களை நினைவில் வைத்துக்கொண்டது. அழித்துவிட்டோம் என்ற வாக்குமூலத்தை மறந்துவிட்டது.

மறக்காதவர் ஒருவர் இருந்தார். அன்ஸ்காமின் முன்னாள் சோதனையாளர் ஸ்காட் ரிட்டர், அமெரிக்கக் கடற்படைக் காலாள் பிரிவின் உளவு அதிகாரியாக இருந்தவர். 1998இல் இராக்குக்கு எதிரான சோதனை போதுமான அளவு கடுமையாக இல்லை என்று சொல்லி ராஜினாமா செய்தார். 2002இல் பாக்தாத் போய், போருக்குக் காரணமே இல்லை என்று பேசினார். அமெரிக்காவில் அவரைத் துரோகி என்றார்கள். கேயோ தொலைக்காட்சியில் ஆபத்து நிஜம் என்று சொல்லிக்கொண்டிருந்தார். அவரை நிபுணர் என்றார்கள். ஒரே வேலையைச் செய்த இருவர். ஒரே நாட்டைப் பார்த்துத் திரும்பியவர்கள்.

2002 நவம்பரில் பிலிக்ஸ் புதிய ஐ.நா. குழுவுடன் இராக் திரும்பினார். சுமார் 700 சோதனைகள். பெரிதாக ஒன்றும் அகப்படவில்லை. இன்னும் சில மாதங்கள் தேவை என்று கேட்டார். அந்த மாதங்கள் கிடைக்கவில்லை. 2003 மார்ச் 20ஆம் தேதி போர் தொடங்கியது. ஏப்ரல் 9ஆம் தேதி பாக்தாத் விழுந்தது. ஆயுதம் மட்டும் தென்படவில்லை.

ஜூன் மாதம் சி.ஐ.ஏ. தலைவர் ஜார்ஜ் டெனட் கேயைக் கூப்பிட்டார். 'இராக் ஆய்வுக் குழு'வின் தேடலை வழிநடத்தும் பொறுப்பு. ஐ.நா. காலத்தில் எதிரே நின்று தடுத்த அரசு இப்போது இல்லை. விஞ்ஞானிகள் சிறையிலோ வீட்டிலோ கிடைத்தார்கள். எந்தக் கதவையும் உடைக்கலாம். கொள்ளையில் பல ஆவணங்கள் சாம்பலாகியிருந்தன என்பதுதான் ஒரே குறை.

ஒவ்வொன்றாக நூல் பிடித்துப் போனார்கள். செறிவூட்டும் எந்திரத்துக்கு என்று அமெரிக்கா சொன்ன அலுமினியக் குழாய்கள்? அவை 81 மில்லிமீட்டர் ராக்கெட்டுகளுக்கானவை. அமெரிக்க எரிசக்தித் துறை நிபுணர்கள் போருக்கு முன்பே இதைச் சொல்லியிருந்தார்கள். கிருமி ஆயுதம் தயாரிக்கும் நடமாடும் ஆலை என்று காட்டப்பட்ட இரு டிரெய்லர்கள்? வானிலை பலூன்களுக்கு ஹைட்ரஜன் நிரப்பும் வண்டிகள். அந்த நடமாடும் ஆலைகளின் கதையைச் சொன்னவர் ஜெர்மனியில் அடைக்கலம் கேட்ட ஓர் இராக் இன்ஜினியர். 'கர்வ்பால்' என்பது ரகசியப் பெயர். அமெரிக்க உளவு அதிகாரிகள் போருக்கு முன் அவரை நேரில் விசாரிக்கவே இல்லை. ஜெர்மானியர்கள் எழுதி அனுப்பியதை நம்பினார்கள். 2003 பிப்ரவரி 5ஆம் தேதி அமெரிக்க வெளியுறவு அமைச்சர் காலின் பவல் ஐ.நா.வில் உலகத்துக்குப் படம் காட்டியது அந்த ஆளின் பேச்சை வைத்துத்தான். தான் சொன்னது பொய் என்று அந்த இன்ஜினியரே 2011இல் ஒரு பிரிட்டிஷ் நாளிதழிடம் ஒப்புக்கொண்டார்.

கிடைத்தவையும் உண்டு. யுரேனியச் செறிவூட்டலில் முக்கியப் பங்கு வகித்த மஹ்தி ஒபெய்தி என்ற விஞ்ஞானி, தன் வீட்டுத் தோட்டத்தில் புதைத்து வைத்திருந்த எந்திர பாகங்களையும் வரைபடங்களையும் எடுத்துக் கொடுத்தார். பன்னிரண்டு ஆண்டுகளாக மண்ணில் கிடந்தவை. யாரும் தோண்டியெடுக்கச் சொல்லவில்லை என்பதே, திட்டம் செத்துப்போனதற்கு அத்தாட்சி. இன்னொரு விஞ்ஞானியின் வீட்டில் ஒரு குப்பி நச்சுக் கிருமி. அனுமதித்த தூரத்தைத் தாண்டும் ஏவுகணைக்கான முயற்சிகள். 2003 அக்டோபரில் கே கொடுத்த இடைக்கால அறிக்கை இவற்றையெல்லாம் பட்டியலிட்டது. கிடங்கு நிறைய ஆயுதம் என்ற ஒன்று மட்டும் பட்டியலில் இல்லை.

இந்த இடத்தில்தான் அவர் முன் இரண்டு வழிகள் இருந்தன. தேடல் தொடர்கிறது என்று சொல்லி ஆண்டுக்கணக்கில் இழுத்திருக்கலாம். தேர்தல் ஆண்டு அது. வெள்ளை மாளிகைக்கும் அதுவே வசதி. தான் பன்னிரண்டு வருடங்களாகச் சொல்லிவந்த வாதத்தையும் காப்பாற்றியிருக்கலாம். 1991இல் கண்ணில் படாதது இருந்ததே, இப்போதும் இருக்கும் என்று சொன்னால் மறுக்க யாரால் முடியும்? அவர் அதைச் செய்யவில்லை. தன் ஆட்களை ராணுவம் கிளர்ச்சியாளர்களைப் பிடிக்கும் வேலைக்குத் திருப்பியதும் அதிருப்தி சேர்ந்துகொண்டது. 2004 ஜனவரி 23ஆம் தேதி விலகினார். ஆயுதக் குவியல் இருந்ததாகத் தான் நினைக்கவில்லை என்று வெளிப்படையாகச் சொன்னார். ஐந்து நாள் கழித்து செனட்.

அங்கும் அவர் யாருக்கும் முழுத் திருப்தி தரவில்லை. ஆய்வாளர்களை அரசியல்வாதிகள் மிரட்டியதாகத் தனக்குச் சான்று கிடைக்கவில்லை என்றார். ஜனநாயகக் கட்சியினர் முகம் சுளித்தார்கள். சதாம் ஆபத்தானவர்தான் என்றும் சொன்னார். ஆனால் உளவுத்துறை எப்படித் தவறியது என்று வெளியார் விசாரணை வேண்டும் என்று வற்புறுத்தினார். குடியரசுக் கட்சியினரின் முகம் சுருங்கியது. அடுத்த மாதமே அதிபர் புஷ் விசாரணைக் கமிஷன் அமைக்க வேண்டியதாயிற்று. போருக்கு முந்தைய மதிப்பீடுகள் ஏறக்குறைய எல்லாமே தவறு என்று அது 2005 மார்ச்சில் தீர்ப்பளித்தது. கேயின் இடத்துக்கு வந்த சார்லஸ் டல்ஃபர், 2004 அக்டோபரில் வெளியான அறிக்கையில் மிச்சத்தையும் முடித்துவைத்தார். அணுத் திட்டம் 1991இலேயே முடிந்துவிட்டது. ரசாயன ஆயுதக் கையிருப்பும் அப்போதே அழிக்கப்பட்டுவிட்டது.

பிறகு ஏன் சதாம் கைவிரித்துக் காட்டவில்லை? இல்லை என்று ஐ.நா.வுக்கு நிரூபிக்க வேண்டும். இருக்கலாம் என்று ஈரான் பயப்படவும் வேண்டும். எட்டு ஆண்டுகள் போரிட்ட பக்கத்து வீட்டுக்காரனிடம் பலவீனத்தைக் காட்ட அவருக்கு மனம் வரவில்லை. டல்ஃபரின் விளக்கம் இதுதான். வாஷிங்டன் தன்னை எப்படிப் பார்க்கிறது என்பது சதாமுக்குப் புரியவில்லை. சதாம் யாரைப் பார்த்துப் பயப்படுகிறார் என்பது வாஷிங்டனுக்குப் புரியவில்லை.

இந்தியர்களுக்கு இந்தக் கதையில் தெரிந்த வாடை ஒன்று உண்டு. 1995 டிசம்பரில் பொக்ரானில் நடந்த ஏற்பாடுகளை அமெரிக்கச் செயற்கைக்கோள்கள் கண்டுபிடித்தன. அமெரிக்கத் தூதர் படத்தோடு வந்து நின்றார். இந்தியா பாடம் கற்றது. 1998 மே 11ஆம் தேதி பொக்ரான் அதிர்ந்தபோது அதே சி.ஐ.ஏ., அதே டெனட் தலைமையில், தூங்கிக்கொண்டிருந்தது. அதை விசாரித்த அட்மிரல் ஜெரமையா, இந்தியத் தலைவர்களும் அமெரிக்கர்களைப்போலவே யோசிப்பார்கள் என்று ஆய்வாளர்கள் நம்பியதே கோளாறு என்றார். பா.ஜ.க. தன் தேர்தல் அறிக்கையிலேயே சொல்லியிருந்ததை யாரும் பொருட்படுத்தவில்லை. 1998இல் இருந்ததைப் பார்க்கவில்லை. 2003இல் இல்லாததைப் பார்த்தார்கள். இரண்டிலும் குறை செயற்கைக்கோளில் இல்லை. படத்தைப் பார்த்த கண்ணுக்குப் பின்னால் ஏற்கனவே ஒரு முடிவு உட்கார்ந்திருந்தது.

2003 ஜூலையில் இராக்குக்குப் படை அனுப்பும்படி அமெரிக்கா கேட்டதை வாஜ்பாய் அரசு ஏற்கவில்லை. ஐ.நா.வின் தெளிவான ஆணை வேண்டும் என்று சொல்லி ஒதுங்கிக்கொண்டது. அப்போது பாக்தாத்தில் கேயின் ஆட்கள் தேடத் தொடங்கி ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. அவர்கள் என்ன கண்டுபிடிக்கப்போகிறார்கள் என்று டெல்லிக்கும் தெரியாது. ஆனால் அந்த மறுப்பு எத்தனை இந்தியக் குடும்பங்களைக் காப்பாற்றியது என்பது பின்னர் தெரிந்தது. 2011 டிசம்பரில் அமெரிக்கப் படை வெளியேறுவதற்குள் 4,400க்கும் மேற்பட்ட அமெரிக்க வீரர்கள் இறந்திருந்தார்கள். இராக்கியர்களின் சாவு லட்சத்தைத் தாண்டியது.

அந்தக் கணக்கில் கேயின் பங்கும் உண்டு. போருக்கு முன் அவர் பேசிய பேச்சு மறைந்துவிடாது. நிபுணர் ஒருவர் சொன்னார் என்பதால் நம்பியவர்கள் பலர். பிறகு சொன்ன உண்மையால் யாரும் உயிர்த்தெழவில்லை. ஆனாலும் அந்தப் போரை முன்நின்று நடத்தியவர்கள் எழுதிய நினைவுக் குறிப்புகளையும் கொடுத்த பேட்டிகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். தகவல் தவறு, ஆலோசகர்கள் தவறு, காலம் தவறு என்று அவற்றில் எத்தனையோ விளக்கங்கள். "என்னையும் சேர்த்து" என்று, கேமராக்களுக்கு முன்னால், கேட்பதற்கு முன்பே சொன்னவர்களை விரல்விட்டு எண்ணலாம்.

டேவிட் கே 2022 ஆகஸ்ட் 13ஆம் தேதி புற்றுநோயால் காலமானார். வயது 82. அஞ்சலிக் குறிப்புகள் பாக்தாத் கார் நிறுத்துமிடத்து நான்கு நாட்களையும் நினைவுகூர்ந்தன, செனட்டின் ஒரு வாக்கியத்தையும் நினைவுகூர்ந்தன. முதலாவதற்குத் துப்பாக்கிகளின் முன்னால் உட்காரும் துணிச்சல் போதுமானதாக இருந்தது. இரண்டாவதற்கு, முதலாவதிலிருந்து தான் கற்ற பாடமே தவறு என்று ஒத்துக்கொள்ள வேண்டியிருந்தது.